கொட்டுவதற்கு ஒரு தேனீ

அவனுக்கு ஹாரன் என்று யார் பெயர் வைத்தார்கள் என்பது யாருக்கும் தெரியாது. ஏன் வைத்தார்கள் என்பது அவன் வாயைத் திறந்ததும் தெரிந்துவிடும். லாரி ஓட்டத் தொடங்கிய புதிதில் அவன் வண்டியின் ஹாரன் பழுதாகிப் பல மாதம் கிடந்ததாம். ஜன்னல் வழியே தலையை நீட்டி ஒரு குரல் கொடுத்தால் போதுமாம், முன்னால் போகிற வண்டி தானாக ஒதுங்குமாம்.

அப்படிப்பட்டவன் தேனீக்களிடம் வந்து மாட்டிக்கொண்டது கல்யாணத்தால். தேன்பெட்டிகளை ஏற்றிக்கொண்டு போய் ஒரு சூரியகாந்தித் தோட்டத்தில் இறக்க வேண்டும் என்று ஒருவர் அவன் லாரியை அமர்த்தினார். பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று இவன் கேட்டுக்கொள்ளவில்லை. பாதி வழியில் பின்னாலிருந்து வந்த இரைச்சலைக் கேட்டு, இஞ்சின் போய்விட்டது என்று பதறி வண்டியை ஓரங்கட்டினான். பெட்டிக்காரரின் மகள் பக்கத்து சீட்டில் இருந்தாள். இஞ்சினுக்கு ஒரு குறையும் இல்லை, பின்னால் இருப்பவை தூக்கம் கலைந்து புலம்புகின்றன, அவ்வளவுதான் என்று விளக்கிவிட்டு, தோட்டம் வந்து சேரும்வரை சிரித்துக்கொண்டே வந்தாள். அந்தச் சிரிப்பில் விழுந்தவன் பிறகு எழுந்திருக்கவே இல்லை.

மாமனார் போன பிறகு பெட்டிகளில் பாதி இவர்களுக்கும் பாதி அவளுடைய தம்பிக்கும் வந்தன. எங்கே எந்தப் பயிர் பூக்கிறதோ அங்கே பெட்டிகளைக் கொண்டுபோய் வைப்பது, பூ முடிந்ததும் எடுத்துக்கொண்டு அடுத்த தோட்டத்துக்குக் கிளம்புவது, இதுதான் தொழில். தேனும் கிடைக்கும்தான். ஆனால் தோட்டக்காரர்கள் இவர்களைக் கூப்பிட்டது தேனுக்காக அல்ல, காய்க்காக. பூவுக்குக் கால் கிடையாது. ஒரு பூவின் மகரந்தம் இன்னொரு பூவுக்குப் போய்ச் சேர்ந்தால்தான் பிஞ்சு நிற்கும். அந்தத் தூது போவதற்குத் தேனீயைப் போல ஓயாமல் அலைகிற ஆள் யார் இருக்கிறார்கள்? புதிதாகப் பழகுகிறவர்களிடம் ஹாரன், தான் கல்யாணத் தரகர்களை ஊர் ஊராக ஏற்றிக்கொண்டு போகிறவன் என்று அறிமுகம் செய்துகொள்வான்.

வண்டி அவன் பொறுப்பு, பெட்டி அவள் பொறுப்பு. பெட்டியைத் திறப்பது, அடை கட்டியிருக்கும் சட்டங்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்ப்பது, ராணி நன்றாக முட்டையிடுகிறதா என்று கவனிப்பது எல்லாம் அவள்தான். தோட்டங்களில் அவளைப் பெட்டியம்மா என்று கூப்பிட்டார்கள். அவள் வேலை பார்க்கும்போது ஹாரன் முகத்தில் வலையை மாட்டிக்கொண்டு, தள்ளி நின்று, ஊர்க்கதை பேசிக்கொண்டிருப்பான். தேனீக்குக் காது கேட்காது என்று ஒருநாள் அவள் சொன்னபோது, அதனால்தான் தப்பித்தேன் என்றான்.

சின்ன வயதிலிருந்தே தேனீ கொட்டாமல் அவளுக்கு ஒரு மாதம் கழிந்ததில்லை. கொட்டினால் நகத்தால் கொடுக்கைச் சுரண்டி எறிந்துவிட்டு அடுத்த சட்டத்தை எடுப்பாள். அதனால் ஒருநாள் ஒரு தர்பூசணித் தோட்டத்தில் அவள் கழுத்தில் ஒன்று கொட்டியபோது அவன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"என்னங்க, உள்ளங்கை அரிக்குது" என்றாள். கொஞ்சம் பொறுத்து, "என்னமோ மாதிரி இருக்கு" என்றாள்.

அவன் திரும்பியபோது அவள் உதடும் கண்ணிமைகளும் வேறு யாருடையவையோ போல வீங்கியிருந்தன. கையில் பிடித்திருந்த சட்டத்தை, அந்த நிலையிலும், பத்திரமாகப் பெட்டியில் இறக்கி வைத்தாள். அப்புறம் மடங்கி உட்கார்ந்தாள். அப்புறம் சாய்ந்தாள்.

திறந்த பெட்டிகளை அப்படியே போட்டுவிட்டு, அவளைத் தூக்கி லாரியில் கிடத்திக்கொண்டு, சாலையோரத்தில் இருந்த சின்ன ஆஸ்பத்திரிக்கு அவன் ஓட்டினான். அங்கே இருந்த நர்ஸ் பெயர்கூடக் கேட்கவில்லை. முகத்தைப் பார்த்ததுமே தொடையில் ஓர் ஊசியைக் குத்திவிட்டாள். அந்த நர்ஸ் அன்று விடுப்பில் இருந்திருந்தால் இந்தக் கதை இந்த இடத்திலேயே முடிந்திருக்கும்.

பிறகு அவர்களைப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். அங்கே ஒவ்வாமைக்கென்றே தனியாக ஒரு டாக்டர் இருந்தார். மூச்சுவிடாமல் பேசுகிற பெண். பேசும்போது பேனாவின் மூடியைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக இருப்பார். எத்தனையோ வருஷம் தாங்கிய உடம்பு திடீரென்று ஒருநாள் தாங்காமல் போவது உண்டு என்றார். தேனீ வளர்க்கிற வீடுகளில் இது புதிதல்லவாம். இனி ஒரு கொட்டு பட்டால் இதைவிட மோசமாகலாம். ஒன்று, தேனீயின் பக்கமே போகக்கூடாது. இல்லையென்றால் ஒரு வைத்தியம் இருக்கிறது. தேனீயின் விஷத்தையே துளியிலும் துளியாக ஊசியில் ஏற்றி, வாராவாரம் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டிக்கொண்டு போய், உடம்புக்கு அதை மறுபடி பழக்குவது. நல்ல அளவுக்கு வந்த பிறகும் மாதாமாதம் சில வருஷங்களுக்குப் போட வேண்டும்.

ஹாரன் மனைவியைப் பார்த்தான். அவள் டாக்டரிடம், "அடுத்த வாரமே ஆரம்பிச்சிடலாமா?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள், ஏதோ தையல் வகுப்பில் சேரப் போகிறவளைப் போல.

அன்று வீட்டுக்கு வந்ததும் அவள் தூங்கிப்போனாள். ஹாரன் மாடிப்படியில் உட்கார்ந்து மச்சானுக்குப் போன் செய்தான். அவள் தம்பி வேறு ஊரில் இதே தொழில் செய்கிறவன், அக்கா என்றால் உயிர். இந்தப் பருவம் முடிந்ததும் எல்லாப் பெட்டிகளையும் நீயே எடுத்துக்கொண்டு போய்விடு, அக்காவுக்கு இப்போதைக்குத் தெரிய வேண்டாம் என்று ஹாரன் சொன்னான். வாழ்க்கையில் முதல்முறையாக அடுத்த அறைக்குக் கேட்காதபடி பேசியது அன்றுதான்.

ஆனால் பருவம் முடியும்வரை பெட்டிகளை யார் பார்ப்பது? வாக்குக் கொடுத்த தோட்டங்கள் இருந்தன. பூக்கள் யாருக்காகவும் காத்திருக்காது. வேறு வழியில்லாமல் ஹாரனே இறங்கினான்.

அவள் வீட்டில் இருக்க மாட்டேன் என்றாள். லாரிக்குள் உட்கார்ந்துகொள்கிறேன், கண்ணாடியை ஏற்றிக்கொள்கிறேன், நீங்கள் செய்வதைப் பார்த்துப் போனில் சொல்கிறேன் என்றாள். டாக்டரிடம் கேட்டார்கள். அவசரத்துக்குத் தானே குத்திக்கொள்ளும் ஊசியைக் கையிலேயே வைத்திருக்க வேண்டும், கதவைத் திறக்கவே கூடாது என்ற நிபந்தனையோடு அவர் அரை மனதாகச் சரி என்றார். கதவிடுக்குகளில் ஹாரன் துணியை அடைத்தான். மடியில் ஊசி, கையில் போன், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பெட்டிகள். இப்படி ஆரம்பித்தது அவர்களுடைய புதிய குடித்தனம்.

அவன் பேசுவது போன் இல்லாமலே அவளுக்குக் கேட்கும். அவள் பேசுவது அவனுக்குக் கேட்பதற்காகத்தான் போன்.

"மெதுவா. சட்டத்தை நேரா மேல தூக்குங்க."

"நேராத்தான் தூக்குறேன்."

"ஸ்டெப்னி கழட்டுற மாதிரி கழட்டுறீங்க. அடை உரசுது பாருங்க, நசுங்கிடும்."

அவன் நசுக்கினான். கொட்டு வாங்கினான். தேனீக்களைச் சாந்தப்படுத்தப் புகை போடும் குப்பியைப் பற்றவைக்கத் தெரியாமல் தன் கையுறையைப் பற்றவைத்தான். ராணியைத் தேடச் சொன்னால், எல்லாம் ஒரே முகமாக இருக்கிறதே என்று புலம்பினான். ஆனாலும் வாரங்கள் போகப் போக அவன் கைக்கு ஒரு நிதானம் வந்தது. அவள் சொல்லி முடிப்பதற்குள் கை அதைச் செய்திருக்கும். சில நாட்கள் அவள் போனில் எதுவுமே சொல்லாமல் பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தாள். வாராவாரம் ஊசியும் நடந்தது. ஊசி போட்ட அன்று அவள் கை புசுபுசுவென்று வீங்கியிருக்கும். மற்றபடி உடம்பு வம்பு எதுவும் பண்ணவில்லை.

பூசணித் தோட்டத்தில்தான் சிக்கல் வந்தது.

அந்தத் தோட்டத்துக்காரி அளந்து பேசுகிறவள். பெட்டிகளை வைத்துவிட்டு வந்த சில நாட்களில் ஒரு காலையில் இவர்கள் வீட்டு வாசலுக்கே வந்துவிட்டாள். கையில் ஒரு கூடை. லாரியின் முன்பக்கத்தில் கூடையைக் கவிழ்த்து, உள்ளே இருந்ததை வரிசையாக அடுக்கினாள். எல்லாம் சுண்டைக்காயைவிடக் கொஞ்சம் பெரிய பூசணிப் பிஞ்சுகள். மஞ்சள் பூத்து, சுருங்கி, காம்போடு உதிர்ந்தவை. தப்பித்து வளர்ந்த ஒன்றிரண்டும் ஒரு பக்கம் உப்பி ஒரு பக்கம் ஒட்டி, பல் வலிக்காரன் கன்னம் மாதிரி இருந்தன.

"உங்க பூச்சிங்க லீவுல இருக்கா?" என்று கேட்டாள். அவ்வளவுதான். கூடையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

ஹாரனுக்கு முகம் தொங்கிப்போயிற்று. பெட்டிகளை இறக்க இடம் பார்த்து, மனைவியின் துணையில்லாமல் முழுக்க முழுக்கத் தானே வைத்த முதல் தோட்டம் அது. அன்றைக்கு அவளுக்கு ஊசி நாள் என்பதால் அவள் கூட வரவில்லை. தேனீக்கள் வெயிலில் வாடக்கூடாதே என்று யோசித்து யோசித்து, காய்களைத் தரம் பிரிக்கிற பெரிய கொட்டகையின் நிழலில் வரிசையாக வைத்துவிட்டு வந்திருந்தான். எல்லாப் பெட்டியிலும் கூட்டம் நன்றாகத்தான் இருந்தது. நோய் இல்லை. பிறகு என்ன குறை என்று அவனுக்குப் பிடிபடவில்லை.

நாளைக்கு வெளிச்சம் வருவதற்கு முன்னாலேயே அங்கே போய்விட வேண்டும் என்றாள் பெட்டியம்மா.

போனார்கள். லாரியை வரப்போரம் நிறுத்திவிட்டு, கண்ணாடியை ஏற்றிக்கொண்டு, இருவரும் உள்ளேயே உட்கார்ந்திருந்தார்கள். பிளாஸ்கில் இருந்த டீயை ஒரே மூடியில் மாற்றி மாற்றிக் குடித்தார்கள். விடிந்தது. கொடிகளுக்கு நடுவே பூசணிப் பூக்கள் ஒவ்வொன்றாக முறுக்கு அவிழ்ந்து, கை விரித்தாற்போல் மஞ்சளாகத் திறந்தன. வயல் முழுக்கத் திறந்து கிடந்தது. பெட்டிகளின் வாசலில் மட்டும் ஓர் அசைவும் இல்லை. கொட்டகையின் நிழல் அவற்றின் மேல் ஈரத்துணி மாதிரி கிடந்தது.

சூரியன் கொட்டகைக் கூரையைத் தாண்டி எட்டிப் பார்க்க வெகுநேரம் ஆயிற்று. பெட்டிகளில் வெயில் பட்டதும்தான் தேனீக்கள் சோம்பல் முறித்துக்கொண்டு வெளியே வந்தன. அதற்குள் பூக்கள் விளிம்பில் வாடத் தொடங்கிவிட்டன. பூசணிப் பூ காலையில் திறந்து, உச்சி வெயிலுக்கு முன்பே மூடிக்கொள்ளும். மூடிய பூ மறுநாள் திறக்காது. தேனீக்கள் சுருங்கிக்கொண்டிருந்த பூக்களின் தலைக்கு மேலாகப் பறந்து, வாய்க்கால் கரையில் பூத்திருந்த களைச்செடிகளுக்குப் போய்விட்டன.

"கடை சாத்தின பிறகு வந்தா வாங்குறவங்க என்ன பண்ணுவாங்க? பக்கத்துக் கடைக்குத்தான் போவாங்க" என்றாள் அவள்.

"நிழல்ல வெச்சது தப்பா?" என்று கேட்டான் ஹாரன். குரல் உள்ளே போயிருந்தது.

"உங்களுக்கு நிழல் நல்லது. அதுங்களுக்கு விடிஞ்சதும் வெயில் முகத்துல அடிக்கணும். அப்பதான் எந்திரிக்கும்." பிறகு அவன் முகத்தைப் பார்த்துவிட்டு, "எங்கப்பாவும் ஒரு தடவை இப்படித்தான் வெச்சாரு" என்று சேர்த்துக்கொண்டாள். அது உண்மையா, அவனுக்காகச் சொன்னதா என்று அவன் கேட்கவில்லை.

பெட்டிகளை வெயில் படும் பக்கம் நகர்த்தினால் தீர்ந்தது என்று தோன்றும். ஆனால் தேனீ தன் வீட்டை முகவரியால் நினைவு வைத்திருக்கிறது, பெட்டியால் அல்ல. மேயப்போனது திரும்பி வந்து, பழைய இடத்திலேயே வீட்டைத் தேடிச் சுற்றிச் சுற்றிச் சாகும். அதற்கும் அவளிடம் வழி இருந்தது. பொழுது சாய்ந்து எல்லாத் தேனீக்களும் உள்ளே அடைந்த பிறகு ஹாரன் ஒரு பக்கமும் தோட்டத்துக்காரி ஒரு பக்கமுமாகப் பெட்டிகளைத் தூக்கிக் கொட்டகைக்கு எதிர்ப்புறம், கிழக்குப் பார்த்து வைத்தார்கள். ஒவ்வொரு வாசலிலும் ஒரு பிடி புல்லைத் திணித்தார்கள். காலையில் தேனீக்கள் அந்தப் புல்லைத் துருவிக்கொண்டு வெளியே வரவேண்டியிருக்கும். எதுவோ மாறியிருக்கிறது என்று அப்போது உறைக்கும். உடனே பறந்துபோகாமல் பெட்டியைச் சுற்றி வட்டமடித்து இடத்தை மறுபடி மனதில் வாங்கிக்கொள்ளும். அப்படியும் தப்பிப் பழைய இடத்துக்குப் போகிற மறதிக்காரத் தேனீக்களுக்காக அங்கே ஒரு காலிப் பெட்டியை வைத்தார்கள். சாயங்காலம் அதில் அடைந்தவற்றைக் கொண்டுபோய்ப் புதிய இடத்தில் சேர்த்துவிடலாம். இத்தனையையும் பெட்டியம்மா கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து போனில் சொல்ல, ஹாரன் அதைத் தோட்டத்துக்காரிக்கு உரக்கச் சொன்னான். உங்கள் மனைவி பேசுவது எனக்கே கேட்கிறது, நீங்கள் கொஞ்சம் சும்மா இருந்தால் இன்னும் நன்றாகக் கேட்கும் என்றாள் அவள்.

அடுத்து வந்த காலைகளில் பூக்கள் திறக்கும்போதே தேனீக்கள் வயலில் இருந்தன. ஆண் பூக்களுக்குள் புரண்டு, உடம்பெல்லாம் மஞ்சள் பொடி அப்பிக்கொண்டு, கோலம் போட்டுவிட்டு எழுந்திருக்கிற குழந்தைகளைப் போல் வெளியே வந்து, அடுத்த பூவில் நுழைந்தன. ஒரே பெண் பூவுக்குள் மூன்று நான்கு ஒன்றாக முட்டிக்கொண்டிருந்தன. ஹாரன் கொடிகளுக்கு நடுவே குந்தி உட்கார்ந்து, வாய் பேசாமல் அதைப் பார்த்துக்கொண்டிருந்தான். இத்தனை வருஷம் ஏற்றி இறக்கியிருக்கிறானே தவிர, அவை செய்கிற வேலையை அவன் இப்படிப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்ததில்லை. பிஞ்சுகள் உதிர்வது நின்றது. நின்ற பிஞ்சுகள் உருண்டு திரண்டு வந்தன. தோட்டத்துக்காரி ஒருநாள் லாரிக் கண்ணாடியைத் தட்டி, உள்ளே இருந்தவளைப் பார்த்து ஒருமுறை தலையாட்டிவிட்டுப் போனாள். அவள் அளவுக்கு அது ஒரு மேடைப் பேச்சு.

அந்தப் பூசணித் தோட்டத்துக்குத்தான் மச்சான் வந்து சேர்ந்தான். வேறு வேலையாக அந்தப் பக்கம் வந்தவன், பெட்டிகளை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போகலாம் என்று நினைத்திருக்கிறான். ஹாரன் வயலின் அந்தக் கோடியில் இருந்தான். மச்சான் நேராக லாரியிடம் போனான். அக்காவிடம் விஷயத்தை மாமா இத்தனை நாளில் சொல்லியிருப்பார் என்பது அவன் கணக்கு.

"அக்கா, பெட்டிங்களை இங்கிருந்தே ஏத்திக்கட்டுமா, இல்ல வீட்டுக்கு வந்த பிறகு எடுத்துக்கட்டுமா? மாமா ஒண்ணும் சொல்லலையே" என்றான் கண்ணாடிக்கு வெளியே நின்று.

ஹாரன் திரும்பி வந்தபோது தம்பி தலையைச் சொறிந்துகொண்டு நின்றிருந்தான். அவள் கண்ணாடிக்குப் பின்னால் நேரே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அவள் பேசவில்லை. ஹாரனும் பேசவில்லை. அந்த லாரி அத்தனை அமைதியாக ஓடியதே கிடையாது.

வீட்டில் சமையலறை மேஜைக்கு எதிரெதிரே உட்கார்ந்தார்கள்.

"எனக்குத் தெரியாம எதுக்குங்க?" என்று கேட்டாள். கோபமாகக் கேட்டிருந்தால் அவன் பதிலுக்குக் கத்தியிருப்பான். அவள் அப்படிக் கேட்கவில்லை.

அவன் மேஜை விரிப்பின் ஓரத்தை மடித்தான், நீவினான். "உனக்கு ஒண்ணும் ஞாபகமில்ல. தோட்டத்துல கண்ணை மூடினே, ஆஸ்பத்திரியில தொறந்தே. நடுவுல நடந்தது எல்லாம் எனக்கு மட்டும்தான் நடந்தது."

"சொல்லுங்க" என்றாள்.

அவன் சொன்னான். அவ்வளவு பேசுகிற மனிதன் இதுவரை யாரிடமும் சொல்லாததை, ஒவ்வொரு வார்த்தையாக எடுத்து வைத்தான். அவள் தலை சீட்டிலிருந்து சரிந்து சரிந்து விழுந்ததையும், ஒரு கையால் அதைத் தாங்கிக்கொண்டு ஒரு கையால் ஓட்டியதையும் சொன்னான். அவள் மூச்சு விசில் மாதிரி கேட்டதாம். பிறகு ஒரு திருப்பத்தில் அந்தச் சத்தமும் நின்றுவிட்டதாம். அப்போது அவள் பெயரைக் கத்தினான், அவன் கத்தினால் ஊரே திரும்பிப் பார்க்கும், அவள் மட்டும் திரும்பவில்லை. இன்றைக்கும் அந்தத் திருப்பம் வந்தால் அவன் ரேடியோவைப் போட்டுவிடுகிறான்.

அவள் எழுந்து வந்து அவன் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தாள். எனக்கு ஒன்றும் ஆகவில்லையே என்று இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன் என்றாள். இரண்டு பேருக்கும் ஒரே விஷயம் நடக்கவில்லை என்பது இப்போதுதான் புரிகிறது என்றாள். பிறகு வெகுநேரம் பேசி ஓர் உடன்பாட்டுக்கு வந்தார்கள். ஊசியின் அளவு முழுசாக ஏறியதும், டாக்டர் ஒரு சோதனை வைப்பதாகச் சொல்லியிருந்தார். உயிருள்ள தேனீயைக் கொண்டு ஆஸ்பத்திரியிலேயே கொட்டவைத்துப் பார்ப்பது. அதில் உடம்பு தாங்கவில்லை என்றால் பெட்டிகளைத் தம்பிக்கு அவளே தன் கையால் கொடுத்துவிடுவாள். தாங்கினால் அவன் ஒரு வார்த்தையும் பேசக்கூடாது. ஹாரன் ஒப்புக்கொண்டான். ஒரு வார்த்தையும் பேசாமல் இருப்பது மட்டும் தன் கையில் இல்லை என்று சொல்லிவிட்டுத்தான் ஒப்புக்கொண்டான்.

சோதனைக்கு நாள் குறித்ததும் டாக்டர் போன் செய்தார். ஆஸ்பத்திரியில் எல்லா மருந்தும் இருக்கிறது, தேனீ மட்டும் கிடையாது. நீங்களே ஒன்றிரண்டு கூடுதலாகப் பிடித்துக்கொண்டு வந்துவிடுங்கள் என்றார்.

ஆக, மனைவியைக் கொட்டப்போகிற தேனீயை ஹாரனே போய்ப் பொறுக்கி எடுக்க வேண்டியதாயிற்று.

காலையில் மூடியில் துளை போட்ட ஜாம் பாட்டிலோடு கொல்லைப்புறம் போனான். அப்போது வீட்டருகே இருந்த ஒரே பெட்டியைத் திறந்தான். சட்டத்தில் ஆண் தேனீக்கள் சில குண்டு குண்டாக உட்கார்ந்திருந்தன. ஆண் தேனீக்குக் கொடுக்கே கிடையாது. ஆனால் அவள் பார்த்த மாத்திரத்தில் கண்டுபிடித்துவிடுவாள். ஓர் ஓரத்தில் அன்றுதான் அடையின் அறையைத் திறந்துகொண்டு வெளிவந்த குஞ்சுத் தேனீக்கள், சாம்பல் நிறத்தில், பூஞ்சையாகத் தள்ளாடிக்கொண்டிருந்தன. இவற்றுக்குக் கொடுக்கு இருக்கும், விஷம் அவ்வளவாக ஊறியிருக்காது. பாட்டிலுக்குள் போட்டால் ஆஸ்பத்திரியில் ஒருவருக்கும் வித்தியாசம் தெரியாது. சோதனையில் அவள் தேறிவிடுவாள். அவன் கை அந்த ஓரத்துக்கு மேல் கொஞ்ச நேரம் நின்றது.

தேறிவிடுவாள், வீட்டுக்கு வருவாள், தேறிவிட்டோம் என்று நம்பிப் பெட்டியைத் திறப்பாள். அப்புறம்?

அவன் சட்டத்தை உள்ளே இறக்கி, மூடியைப் போட்டான். பெட்டியின் வாசலுக்கு வந்து குனிந்தான். அங்கே காவல் நிற்கிற தேனீக்கள்தான் முற்றினவை, கோபக்காரிகள் என்று பெயரெடுத்தவை. வருகிற ஒவ்வொருத்தியையும் மோந்து பார்த்து உள்ளே விட்டுக்கொண்டிருந்தன. அவற்றில் மூன்றைப் பாட்டிலுக்குள் பிடித்தான்.

ஆஸ்பத்திரி அறையில் அவளைக் கட்டிலில் சாய்த்து உட்காரவைத்து, ஒரு கையில் மருந்து ஏற்றுவதற்கு வழி செய்து வைத்திருந்தார்கள். பக்கத்தில் ஊசிகளும் ஆக்ஸிஜனும் தயாராக இருந்தன. ஹாரன் பாட்டிலை நீட்டினான். அவள் அதை வாங்கி, வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து, உள்ளே இருந்தவற்றைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு அவனைப் பார்த்தாள்.

"நல்ல தேனீங்களா பார்த்து எடுத்திருக்கீங்க" என்றாள்.

டாக்டர் இடுக்கியால் ஒன்றைப் பிடித்து அவள் முன்கையில் வைத்தார். அது வளைந்து கொட்டியது. அவள் உதட்டைக் கடித்துக்கொண்டாள். கொடுக்கைக் கொஞ்ச நேரம் அப்படியே விட்டு, பிறகு எடுத்தார்கள். அதற்கப்புறம் காத்திருக்க வேண்டியதுதான். இரத்த அழுத்தம் பார்த்தார்கள், மூச்சைக் கேட்டார்கள், திரும்பவும் பார்த்தார்கள். ஹாரன் அவள் உள்ளங்கையைப் பிடித்துக்கொண்டு, அரிக்கிறதா என்று கேட்டான். இல்லை என்றாள். கொஞ்சம் பொறுத்து மறுபடி கேட்டான். நர்ஸ் அவனை வெளியே அனுப்பப் பார்த்தாள். இவர் போய்விட்டால் எனக்கு நெஞ்சு படபடக்கும், அதை நீங்கள் ஒவ்வாமை என்று எழுதிக்கொள்வீர்கள் என்று அவள் சொன்னதால் விட்டுவிட்டார்கள்.

கொட்டிய இடம் சிவந்து தடித்தது. அத்தோடு நின்றது. வெகுநேரம் கழித்து டாக்டர் பேனாவின் மூடியைப் போட்டு, பேனாவைச் சட்டைப்பையில் செருகினார். உடம்பு தாங்குகிறது, ஊசியைத் தொடர வேண்டும், உடையும் வலையும் இல்லாமல் பெட்டியைத் தொடக்கூடாது, தனியாகப் போகக்கூடாது என்றார். ஹாரன் வராந்தாவுக்குப் போய்ச் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றான். அவன் தோள் குலுங்கியது, சத்தமே வரவில்லை.

திரும்பும்போது பாட்டில் அவள் மடியில் இருந்தது. உள்ளே இன்னும் இரண்டு இருந்தன. வெளியே விட்டுவிடலாமா என்று கேட்டான். இங்கே விட்டால் அவற்றுக்கு வழி தெரியாது, கூட்டிக்கொண்டே போய்விடலாம் என்றாள். ஆகவே இரண்டு தேனீக்களை ஒரு லாரி வீடுவரை கொண்டுவந்து சேர்த்தது.

கொல்லைப்புறத்தில் அவள் முழு உடையையும் வலையையும் மாட்டிக்கொண்டாள். அவன் சரிபார்த்தான், பின்பக்கம் ஒரு பொத்தானைப் போட்டுவிட்டான். பெட்டியின் வாசலில் பாட்டிலைச் சாய்த்து மூடியைத் திறந்தவள் அவள்தான். இரண்டும் நடந்து வெளியே வந்து, காவல்காரிகள் மோந்து பார்ப்பதற்கு நின்று, உள்ளே போயின.

அடுத்த பருவத்துக்கு முன்பு சில பெட்டிகளை அவளாகவே தம்பிக்குக் கொடுத்தாள். ஜாக்கிரதையாக வேலை செய்வதென்றால் கொஞ்சம் குறைவாக இருப்பதுதான் நல்லது என்றாள். மீதியை இருவரும் பிரித்துக்கொண்டார்கள். தள்ளி நின்று ஊர்க்கதை பேசுகிற வேலைக்குத் திரும்பிப்போக ஹாரனால் முடியவில்லை. இப்போது தோட்டத்தில் இறங்கினால் அவனுக்கென்று ஒரு வரிசை உண்டு. சட்டத்தைத் தூக்கிப் பிடித்து, இதோ ராணி, கண்டுபிடித்துவிட்டேன் என்று அவன் போடுகிற சத்தம் அடுத்த தோட்டம்வரை கேட்கிறது.